ஒளிக்கும் இருளுக்கும் சமநிலை உண்டா?

2025-ஆம் ஆண்டு செப்டம்பர் 7-ஆம் நாள் இரவு, இந்தியா முழுவதும் காணத்தக்க முழுச் சந்திர கிரகணம் ஒன்று நிகழ்ந்தது. ஏறத்தாழ 10 மணி அளவில் பூமியின் கருநிழல் சந்திரனைத் தொட்டது. 11 மணி முதல் 82 நிமிடங்கள் சந்திரன் அந்நிழலுக்குள் முழுவதுமாக மூழ்கியிருந்தது. நள்ளிரவுக்குப் பின் 1.26 மணிக்கு விடுபட்டது. அன்று பிற்பகலிலேயே திருமலையில் வேங்கடேசப் பெருமாளின் சந்நிதி நடை சாத்தப்பட்டது. மறுநாள் அதிகாலையில் ஆலயத்தைச் சுத்தி செய்து, புண்யாஹவாசனம் முடித்த பிறகே நடை திறக்கப்பட்டது.

திருப்பதியிலிருந்து சுமார் 38 கி.மீ. தொலைவில், சுவர்ணமுகி என்னும் பொன்முகலி ஆற்றங்கரையில் ஸ்ரீகாளஹஸ்தி அமைந்துள்ளது. 2022 வரை சித்தூர் மாவட்டத்தில் இருந்து, பின்னர் உருவான திருப்பதி மாவட்டத்தில் சேர்ந்த தலம் இது. பஞ்சபூதத் தலங்களுள் வாயுவுக்குரியது. இங்கே கிரகணத்துக்காக நடை சாத்தும் வழக்கம் இல்லை. மாறாக, கிரகணம் பிடித்திருக்கும் வேளையிலேயே இறைவனுக்கு அபிஷேகம் நடைபெறுகிறது. நவகிரகங்களும் 27 நட்சத்திரங்களும் பொறித்த கவசத்தை இறைவன் தரித்திருப்பதால் அவரைக் கிரகண தோஷம் அணுகாது என்று தலத்தார் விளக்கம் கூறுவர். ராகு, கேது பரிகாரத்துக்காக நாள்தோறும் திரளான மக்கள் நாடி வரும் தலமும் இதுவே.

ஒன்றரை மணி நேரப் பயணத் தொலைவுக்குள் இரு பெரும் சந்நிதிகள். இருள் கவியும் அதே நேரத்தில் ஒன்று கதவை அடைக்கிறது, மற்றொன்று கதவைத் திறந்து வைக்கிறது. இவற்றுள் எது சரி என்று கேட்பது வீண் வாதம். அந்தந்த ஆகம மரபு, அந்தந்தத் தலத்தின் வழக்கம் என்பதே அதற்கு விடை. ஆனால் இவ்விரு வழக்கங்களுக்கும் பொதுவான ஓர் அம்சம் உண்டு, சிந்தனைக்குரியது அதுவே. இரண்டு சந்நிதிகளிலும் எவரும் கிரகணத்தை ஒளிக்கு நிகரான இன்னொரு சக்தியின் வெற்றியாகக் கருதவில்லை. எவரும் அந்த இருளுக்கு ஒளியுடன் சம பங்கு வழங்கவும் இல்லை.

இதை இங்கே வலியுறுத்தக் காரணம் உண்டு. இன்றைய கற்பனை நாவல்களிலும், திரைப்படங்களிலும், கணினி விளையாட்டுகளிலும் ஒரு 'தத்துவம்' மீண்டும் மீண்டும் வருகிறது. ஒளி, இருள் என்று இரு மகாசக்திகள் உள்ளன. இரண்டும் சம எடையில் நிற்கும்வரை உலகம் நிலைக்கும். ஒளி மிகுந்தாலும் கேடு, இருள் மிகுந்தாலும் கேடு. எனவே கதாநாயகன் தன்னுள் இருக்கும் இருளையும் ஏற்று, இரண்டையும் சமன் செய்ய வேண்டும். கதை என்ற அளவில் இதில் குறை காண ஒன்றுமில்லை. ஆனால் இளைஞர்கள் பலர் இதை நம் நாட்டு வேதாந்தத்தின் சாரம் என்றே எண்ணத் தொடங்கிவிட்டனர். 'என் கோபமும் பொறாமையும்கூட ஒரு சமநிலைக்காகத்தான் இருக்கின்றன. அவற்றை ஏன் நீக்க வேண்டும்?' என்று ஒருவர் கேட்கும்போது, அது வெறும் கதையாக இருப்பதில்லை. அவரது சாதனையையே நிறுத்திவிடுகிறது.

இருமைக் கொள்கை

ஒளியும் இருளும் தொடக்கமற்ற இரு தத்துவங்கள் என்ற கொள்கைக்கு உலக வரலாற்றில் மிகத் தெளிவான உருவம் தந்தவர், 3-ஆம் நூற்றாண்டில் பாரசீகப் பேரரசில் வாழ்ந்த மானி. ஒளி உலகும் இருள் உலகும் ஆதியிலேயே தனித்தனியாக இருந்தன, அவை கலந்ததால்தான் இவ்வுலகம் தோன்றியது என்பது அவரது போதனை. அவர்கூட இரண்டையும் சமன் செய்யச் சொல்லவில்லை; கலந்துவிட்ட ஒளியை இருளிலிருந்து பிரித்து மீட்கவே சொன்னார். பிற்காலத்தில் கிறிஸ்தவ சமயத்தின் பேரறிஞராக விளங்கிய அகஸ்டின், இளமையில் ஏறக்குறைய ஒன்பது ஆண்டுகள் இக்கொள்கையைப் பின்பற்றியவர். தீமை எங்கிருந்து வந்தது என்ற கேள்வி அவரை வாட்டியது. தீமைக்கென்று ஒரு தனி மூலம் இருக்கிறது என்ற விடை அவருக்குச் சில காலம் ஆறுதல் அளித்தது; பிறகு அவர் அதைக் கைவிட்டார். சீனாவின் யின்-யாங் கருத்து வேறு வகையைச் சேர்ந்தது. அங்கே நிழல் பக்கமும் வெயில் பக்கமும் ஒரே மலையின் இரு சரிவுகள் போன்றவை. நன்மை தீமை என்ற பொருள் அவற்றுக்கு அடிப்படையில் இல்லை. தற்காலக் கற்பனைக் கதைகள் இவ்விரண்டையும் ஒன்றாகக் கலந்து, மூன்றாவதாக ஒன்றை உருவாக்கிவிட்டன என்றே சொல்ல வேண்டும்.

இருள் என்பது என்ன?

இந்தியத் தத்துவ ஞானிகள் இக்கேள்வியை உவமையாக மட்டும் அல்லாமல் நேரடியான ஆராய்ச்சியாகவே எடுத்துக்கொண்டனர். இருள் ஒரு பொருளா, அல்லது பொருளின்மையா?

குமாரில பட்டரின் வழிவந்த மீமாம்சகர்கள் அதைப் பொருள் என்றனர். இருள் கருமையாகத் தெரிகிறது. விளக்கை நகர்த்தினால் இருளும் நகர்கிறது. நிறம் என்ற குணமும், நகர்தல் என்ற செயலும் உடையது திரவியமாகத்தானே இருக்க வேண்டும்? நியாய வைசேஷிகர்கள் இதை மறுத்தனர். 17-ஆம் நூற்றாண்டில் ஆந்திர தேசத்தில் தோன்றிய அன்னம்பட்டர் எழுதிய 'தர்க்க சங்கிரகம்', இன்றும் நியாயம் கற்கும் மாணவர்களின் முதல் நூல். அதற்கு அவரே எழுதிய 'தீபிகை' என்ற உரையில், திரவியங்கள் ஒன்பதுதானா, இருளைப் பத்தாவதாகச் சேர்க்க வேண்டாமா என்ற ஐயத்தை எழுப்பி விடை கூறுகிறார். நிறமுள்ள எப்பொருளையும் கண் காண்பதற்கு ஒளியின் துணை தேவை. இருளோ ஒளி இல்லாதபோது மட்டுமே காணப்படுகிறது. ஆகவே அது நிறமுள்ள பொருள் அன்று. போதிய ஒளியின் இன்மையே இருள். அது நகர்வதுபோல் தோன்றுவது விளக்கு நகர்வதால்தான்.

கிரகணத்தை வைத்துப் பார்த்தால் நியாயத்தின் கூற்று நன்கு விளங்கும். ஆரியபட்டர் கி.பி. 499-இல், சந்திரனைப் பூமியின் நிழலும் சூரியனைச் சந்திரனும் மறைப்பதே கிரகணம் என்று எழுதினார். ஜோதிடமும் ராகு, கேதுக்களைச் சாயாக்கிரகங்கள், அதாவது நிழற்கோள்கள் என்றே அழைக்கிறது. சந்திரனின் பாதை சூரியனின் பாதையை வெட்டும் இரு இடங்களே அவை. அங்கே கல்லும் இல்லை, மண்ணும் இல்லை. புராணமும் தன் மொழியில் இதையே சொல்கிறது போலும். அமுதம் உண்ட அசுரனின் தலை துண்டிக்கப்பட்டு ராகுவானது, உடல் கேதுவானது. தலைக்கு வாய் உண்டு, வயிறு இல்லை. எனவே ராகு சூரியனை விழுங்கலாம், செரிக்க இயலாது.

ஆனால் அத்வைத ஆசாரியர்கள், குறிப்பாக விவரண மரபினர், நியாயத்தின் விடையோடு நின்றுவிடவில்லை. இருளை வெறும் இன்மை என்று ஒதுக்கினால், அதற்கு ஒப்பான அஞ்ஞானத்தையும் வெறும் அறிவின்மை என்று ஒதுக்க வேண்டிவரும். அறிவின்மை மட்டும் ஒருவனை அச்சுறுத்தாது. அஞ்ஞானமோ அச்சுறுத்துகிறது, ஆசை காட்டுகிறது, அழ வைக்கிறது. உள்ளதை மறைப்பது ஆவரணம். இல்லாததைத் தோற்றுவிப்பது விக்ஷேபம். இவ்விரு ஆற்றல்களும் உடையதால் அது இன்மையும் அன்று. ஞானம் வந்ததும் மறைவதால் என்றும் உள்ள உண்மையும் அன்று.

இங்கே கயிறு, பாம்பு உதாரணத்தைச் சற்று நின்று கவனிக்க வேண்டும். எண்ணற்ற முறை கேட்டுப் பழகியதாலேயே அதன் ஒரு கூறு நம் கவனத்தில் படுவதில்லை. கும்மிருட்டில் கிடக்கும் கயிறு பாம்பாகத் தெரியாது. அங்கே எதுவுமே தெரியாது. நண்பகல் வெயிலிலும் அது பாம்பாகத் தெரியாது, கயிறாகவே தெரியும். பாம்பு பிறப்பது அந்தி வேளையில். ஏதோ ஒன்று கிடக்கிறது என்று காட்டும் அளவுக்கு ஒளியும், அது இன்னதென்று காட்டாத அளவுக்கு இருளும் கலந்திருக்கும் போதுதான் பொய்ப்பாம்பு தலை தூக்குகிறது. கற்பனைக் கதைகள் உயர்த்திப் பேசும் அந்தச் 'சமநிலை' இதுவே. வேதாந்தம் அதற்கு இட்ட பெயர் அத்யாசம்.

ஸ்ரீ சங்கரர் பிரம்ம சூத்திர பாஷ்யத்தைத் தொடங்கும் இடமே இதுதான். அறிபவனும் அறியப்படுவதும் ஒளியும் இருளும் போல் இயல்பில் முற்றிலும் மாறுபட்டவை. ஒன்று மற்றொன்றாக ஆவதற்கு வழியே இல்லை. அப்படியிருந்தும் மனிதன் உண்மையையும் பொய்யையும் இணைத்து, 'இது நான்', 'இது என்னுடையது' என்று வாழ்ந்து வருகிறான் என்று அவர் காட்டுகிறார். உடல் மெலிந்தால் 'நான் மெலிந்தேன்' என்கிறோம். மகன் தேர்வில் தோற்றால் 'நான் அழிந்தேன்' என்கிறோம். ஒளியும் இருளும் கலந்து நிற்பது சங்கரருக்கு வாழ்வின் இலட்சியம் அன்று, வாழ்வின் நோய்.

தமிழகத்தின் சைவ சித்தாந்தம் இதில் அத்வைதத்தோடு உடன்படுவதில்லை. அங்கே ஆணவ மலம் மாயத் தோற்றம் அன்று. உயிரோடு அநாதியாகவே உள்ள உள்பொருள். ஆயினும் அதைப் பதியாகிய இறைவனுக்குச் சமமான எதிர்ச்சக்தி என்று சித்தாந்தம் ஒருபோதும் கூறவில்லை. உமாபதி சிவாசாரியார் தமது 'திருவருட்பய'னில் 'இருள்மல நிலை' என்று ஓர் அதிகாரமே வகுத்துள்ளார். புற இருள் பிற பொருள்களை மறைத்தாலும் தன்னையேனும் காட்டிக்கொள்ளும். ஆணவமோ தான் இருப்பதையும் மறைத்துவிடும் என்பது அவர் காட்டும் நுட்பம். 'என்னுள் இருக்கும் இருளை நான் நன்கு அறிந்து, அளவோடு வைத்திருக்கிறேன்' என்று பெருமைப்படுபவர் சிந்திக்க வேண்டிய வேறுபாடு இது. அளந்து வைக்க முடிந்தது புற இருள் மட்டுமே.

காளியின் கருமை

இங்கே ஒரு தடை எழும். நாம் காளியை வழிபடுகிறோமே, திருமலை நாதனும் கார்மேக வண்ணன்தானே, அப்படியானால் இருளும் தெய்வம் அல்லவா?

பகவான் ஸ்ரீராமகிருஷ்ணர் இதற்கு விடையளித்துள்ளார். தொலைவிலிருந்து பார்க்கும்போதுதான் அன்னை கறுப்பு. கடல் நீர் தூரத்தில் நீலமாகத் தெரிகிறது, கையில் அள்ளினால் நிறமே இல்லை. அருகே சென்று அவளை அறிந்தவருக்கு அவள் கறுப்பு அல்லள். அதாவது அந்தக் கருமை அவளிடம் உள்ள ஒரு தீய பாதி அன்று; நமக்கும் அவளுக்கும் இடையே உள்ள தூரம். ஆலயங்களின் கருவறை இருளும் அத்தகையதே. காளஹஸ்தியில் பாதாள விநாயகரைத் தரிசிக்க, தரைமட்டத்துக்கு 30 அடிக்கும் கீழே குறுகிய படிகளில் இறங்கிச் செல்ல வேண்டும். அவ்விருள் தீமையைக் குறிப்பதன்று. கண்ணை வெளி விஷயங்களிலிருந்து திருப்புவது.

மற்றொரு தடை ஈசாவாஸ்ய உபநிஷத்திலிருந்து எழுப்பப்படுவதுண்டு. அவித்யையில் மட்டும் ஈடுபடுவோர் காரிருளில் புகுகின்றனர், வித்யையில் மட்டும் ஈடுபடுவோர் அதனினும் பெரிய இருளில் புகுகின்றனர், இரண்டையும் சேர்த்து அறிய வேண்டும் என்ற கருத்து அங்கே உள்ளது. சமநிலைக் கொள்கைக்கு இதைவிடச் சான்று வேண்டுமா என்று கேட்கத் தோன்றும். ஆனால் அவ்விடத்தில் அவித்யை என்பதற்குக் கர்மம் என்றும், வித்யை என்பதற்குத் தேவதா உபாசனை என்றும் சங்கரர் பொருள் கொள்கிறார். கடமையையும் உபாசனையையும் சேர்த்து அனுஷ்டிக்கச் சொல்லும் மந்திரமே தவிர, அறத்தையும் மறத்தையும் சேர்க்கச் சொல்லும் மந்திரம் அன்று. சொல்லை மட்டும் பிடித்துக்கொள்வதால் வரும் குழப்பம் இது.

கீதை போற்றும் 'சமத்துவ'த்திலும் இதே குழப்பம் நேர்கிறது. வெற்றியிலும் தோல்வியிலும் மனம் ஒரே நிலையில் நிற்பது சமத்துவம். பாதி நன்மை, பாதி தீமை என்று பங்கு போடுவது அன்று. தராசின் இரு தட்டுகளையும் நிரப்பிச் சமன் செய்வது ஒன்று. தராசின் முள் அசையாதிருப்பது வேறு.

எனினும் சமநிலைக் கொள்கையில் ஓர் உண்மையின் சாயல் இருக்கிறது. அதை ஒப்புக்கொள்வதே நேர்மை. ஒளியைப் பற்றிக்கொள்வதும் ஒரு பற்றுதான். சத்துவ குணம் தூய்மையானது, ஒளி தருவது. ஆனாலும் அது சுகத்தின் மீதும் அறிவின் மீதும் உள்ள பற்றினால் ஜீவனைக் கட்டுகிறது என்று கீதையின் 14-ஆம் அத்தியாயம் கூறுகிறது. ஸ்ரீராமகிருஷ்ணரின் மூன்று திருடர் கதை அனைவரும் அறிந்தது. காட்டில் அகப்பட்ட வழிப்போக்கனைத் தமஸ் கொல்ல நினைக்கிறது, ரஜஸ் கட்டிப்போடுகிறது, சத்துவம் கட்டவிழ்த்து, அவன் வீட்டுக்குச் செல்லும் பாதையைக் காட்டுகிறது. 'நீயும் வீட்டுக்கு வா' என்று அவன் அழைத்தால், அதனால் வர இயலாது, அதுவும் திருடனே. ஆனால் கதையில் வழிப்போக்கனின் கட்டை அவிழ்த்தது எத்திருடன் என்பதை மறந்துவிடலாகாது. மூவருமே திருடர்கள் என்பதால் மூவரிடமும் சம நட்பு கொள்ளலாம் என்று முடிவு செய்பவன் காட்டைவிட்டு வெளியேற மாட்டான்.

இருளில் உள்ள ஒளி

குணங்களைக் கடந்தவரின் இலக்கணமாக அதே அத்தியாயம் கூறுவது நுட்பமானது. ஒளியும், செயல் வேகமும், மயக்கமும் மனத்தில் வரும்போது அவர் வெறுப்பதில்லை. விலகும்போது ஏங்குவதும் இல்லை. மயக்கமே வராது என்று அங்கே கூறப்படவில்லை. ஆனால் வருவதைப் பார்ப்பவர் ஒருவர் இருக்கிறார். அவர் வருவதும் இல்லை, போவதும் இல்லை.

அந்தப் பார்ப்பவரை உணர்த்தவே பிருஹதாரண்யக உபநிஷத்தில் ஜனகர் கேள்வி மேல் கேள்வி கேட்கிறார். மனிதன் எந்த ஒளியைக் கொண்டு நடமாடுகிறான்? சூரிய ஒளியால் என்கிறார் யாக்ஞவல்கியர். சூரியன் மறைந்தால்? சந்திரனால். சந்திரனும் மறைந்தால்? நெருப்பால். நெருப்பும் அணைந்தால்? குரலால், தன் கையே தெரியாத இருளிலும் குரல் வரும் திசையில் ஒருவன் நடக்கிறானே. குரலும் ஓய்ந்தால்? ஆன்மாவே அவனுக்கு ஒளி. ஜனகர் ஒவ்வொரு விளக்காக அணைத்துக்கொண்டே போகிறார். இருள் கூடக் கூட, எஞ்சும் ஒளி உள்ளே நெருங்கி வருகிறது. கடைசி இருளை அறியும் ஒளிக்கு எதிராக இன்னோர் இருள் இல்லை. இருப்பின் அதையும் அதுவே அறிய வேண்டும். ஆழ்ந்த உறக்கத்திலிருந்து எழுந்தவன் 'சுகமாக உறங்கினேன், ஒன்றும் அறியவில்லை' என்கிறான். ஒன்றும் அறியாத அந்த இருளை அறிந்து வந்து சொன்னது யார்?

வித்யாரண்யர் 'பஞ்சதசி'யின் 10-ஆம் பிரகரணத்தில் இதை நாடக அரங்கின் விளக்காகக் காட்டுகிறார். அவ்விளக்கு தலைவனையும், சபையோரையும், நடனமாடுபவளையும் வேறுபாடின்றி விளக்குகிறது. எல்லாரும் சென்றபின் வெறும் அரங்கையும் விளக்குகிறது. அரங்கில் இராவணன் வந்தான் என்பதால் விளக்கு கறுத்துவிடுவதில்லை. இராமன் வந்ததால் அதிகம் பிரகாசிப்பதும் இல்லை. அதே சமயம், விளக்குக்கு இருவரும் ஒன்று என்பதால் நடிகனுக்கும் இருவரும் ஒன்றாகிவிடுவதில்லை. சாட்சியின் நிலையிலிருந்து கூறப்படும் உண்மையை ஒழுக்கத்தின் நிலையில் சலுகையாகப் பயன்படுத்துவது பலரைத் தடுக்கி விழச் செய்யும் இடம்.

மனம் இருண்டு, ஜபம் வறண்டு, பிரார்த்தனை சொல்லளவில் நிற்கும் காலம் ஏறக்குறைய எல்லாச் சாதகர்க்கும் வருகிறது. அப்போது 'இதுவே என் சுபாவம்' என்று அதனோடு ஒன்றாவதும், 'இது வந்ததே என் பாவம்' என்று அதனோடு மல்லுக்கு நிற்பதும் இருளுக்கு இல்லாத உடலை அளிப்பவையே. ஆயிரம் ஆண்டுகளாக இருண்டிருந்த அறையும் ஒரு தீக்குச்சியின் ஒளியில் உடனே வெளிச்சமாகிறது என்று குருதேவர் கூறுவார். ஆண்டுகளின் கணக்கு இருளுக்கு எடை சேர்ப்பதில்லை. உறக்கம் கெட்டு, உணவு வெறுத்து, வாழவே வேண்டாம் என்று தோன்றும் அளவுக்கு மனச்சோர்வு முற்றியிருந்தால், அதை ஆன்மிக அனுபவம் என்று பெயரிட்டு மூடி வைக்காமல் மருத்துவரிடம் செல்ல வேண்டும். அதுவும் தீக்குச்சியே.

அந்தச் செப்டம்பர் இரவில் சந்திரனைக் கண்டவர்கள் ஒன்றைக் கவனித்திருப்பார்கள். நிழலின் நடுவே சென்றபோது அது கறுத்து மறைந்துவிடவில்லை. செம்பு நிறமாகத் தெரிந்தது. பூமியின் விளிம்பைச் சுற்றியுள்ள காற்று மண்டலம் சூரிய ஒளியை வளைத்து நிழலுக்குள் அனுப்புகிறது. நீலம் சிதறி, செம்மை எஞ்சுகிறது. அந்நேரத்தில் உலகெங்கும் நிகழும் உதயங்கள், அஸ்தமனங்கள் அனைத்தின் ஒளியே சந்திரன் மீது விழுகிறது. நிழல் மிக ஆழமான இடத்திலும் தெரிவது சூரியனே.

காளஹஸ்திக் கருவறையில் வெளிக்காற்று புகாத இடத்திலும் ஒரு தீபம் அசைந்துகொண்டே இருக்கும். வாயு லிங்கத்தின் மூச்சு அது என்பர். இந்தச் சந்நிதியில்தான் கண்ணப்ப நாயனார் தம் கண்ணைத் தோண்டி அப்பினார். சேக்கிழார் விவரிக்கும் அந்நிகழ்ச்சியில் முதற்கண்ணைக் கொடுத்தது அன்பின் வேகம். இரண்டாவது கண்ணில் குருதி பெருகியபோதோ, திண்ணனாருக்கு ஒரு சிக்கல் எதிர்ப்பட்டது. இருக்கும் ஒரு கண்ணையும் எடுத்துவிட்டால், அதை அப்ப வேண்டிய இடம் தெரியாது. அவர் தயங்கவில்லை, இருளுக்கும் தமக்கும் ஓர் உடன்பாடு தேடவும் இல்லை. வரப்போகும் இருளில் வழி தவறாதிருக்க, இறைவனின் கண் இருந்த இடத்தில் தம் காலை ஊன்றி அடையாளம் செய்துகொண்டு, அம்பைக் கையில் எடுத்தார். மறைந்து நின்று பார்த்த சிவகோசரியார், அந்தக் கையை லிங்கத்திலிருந்து நீண்ட வேறொரு கை பற்றித் தடுத்ததைக் கண்டார்.